ஒன்றுக்கு அடுத்தது பத்து

1

இந்தக் கதையில் ஒரு வாக்கியம் திருட்டு. அதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன்.

பல் மருத்துவரின் காத்திருப்பு அறை. மடியில் ஒரு புத்தகம். படித்துக்கொண்டிருந்தேன் என்று சொல்ல முடியாது. ஒரே பக்கத்தை அரைமணி நேரமாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். இரண்டு நாற்காலி தள்ளி ஐம்பதைத் தாண்டிய ஒருவர் போனில் வெகுநேரம் 'ம்' மட்டும் போட்டுக்கொண்டிருந்தார். பிறகு சொன்னார்:

"இல்லப்பா, தப்பு என்னுதுதான். அவரோட அம்மாவ நான் ரெண்டாவது பாட்டுலயே கொன்னுட்டேன்."

அதற்குள் அவருடைய டோக்கனைக் கூப்பிட்டுவிட்டார்கள். கன்னத்தைப் பிடித்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். எந்தப் பாட்டு, யாருடைய அம்மா, ஒன்றும் தெரியாது. வெளியே வந்ததும் கேட்டிருக்கலாம். நான் கேட்கிற ரகம் இல்லை. நாலு நாள் அந்த வாக்கியத்தோடு சும்மா உட்கார்ந்திருந்தேன். ஐந்தாவது நாள் அதற்கு ஓர் ஆள் முளைத்தார். ஆளுக்கு ஒரு வேலை வந்தது, வேலைக்கு ஒரு தப்பு வந்தது.

10

எண்ணைப் பார்த்துவிட்டு முன்பக்கம் புரட்ட வேண்டாம். ஒன்றுக்கு அடுத்துப் பத்து வந்திருப்பது அச்சுப்பிழை இல்லை. கதை நேராகத்தான் போகிறது, எண்கள்தான் கோணல். காரணம் சீக்கிரமே வருகிறது.

தொடக்கத்துக்கு எழுதிப் பார்த்தவை:

'மழை விட்டிருந்த ஒரு மாலையில் விமர்சகர் தன் பழைய கட்டுரைகளை' — இல்லை. கதைகளில் தேவைக்கு மேலேயே மழை பெய்தாயிற்று.

'ராப் என்பது பேச்சுக்கும் பாட்டுக்கும் நடுவே' — வகுப்பெடுக்கிற வாடை.

'தந்தி குடித்துக்கொண்டிருந்த காலத்தில்' — நல்ல தொடக்கம்தான். ஆனால் அதைத் தந்தி என்கிற அந்த ஆளே பிறகு சொல்லப்போகிறார். நான் முந்திக்கொள்வது மரியாதை இல்லை.

ஆகவே இப்படி: விமர்சகரின் மனைவி சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார்.

11

இஸ்திரிப் பெட்டி சூடாவதற்குள் கொஞ்சம் பின்கதை.

விமர்சகர் இருபத்தைந்து வருடமாக ஒரு பத்திரிகையில் பாட்டுகளைப் பற்றி எழுதுகிறவர். அந்தப் பத்திரிகை இப்போது ஒரு பகுதி தொடங்கியிருந்தது: பழைய விமர்சகர்கள், தாங்கள் ஒருகாலத்தில் தூக்கியெறிந்த ஒன்றை எடுத்து மறுபடி கேட்டு எழுதவேண்டும். வெள்ளிக்கிழமைக்குள் கட்டுரை. விமர்சகர் யோசிக்காமல் ஒரு பெயரைச் சொன்னார்: 'பன்னிரண்டு மிஸ்டு கால்'.

பன்னிரண்டு வருடத்துக்கு முன் வந்த ராப் ஆல்பம். பாடியவரை எல்லோரும் தந்தி என்பார்கள். பள்ளிக்கூடத்தில் வைத்த பெயர். வார்த்தைக்கு வார்த்தை கட்டணம் கட்டவேண்டும் என்பதுபோலத்தான் பேசுவார். மைக்கைக் கையில் கொடுத்தால் மட்டும் மடை திறந்துவிடும். அவருடைய மூன்றாவது ஆல்பம் அது. கல்யாணம் முறிந்து, குடி துணையாகி, அம்மா ஆஸ்பத்திரியில் கிடந்த வருடத்தில் செய்தது.

'தலையும் இல்லை, வாலும் இல்லை' என்ற தலைப்பில் விமர்சகர் அதைத் துவைத்துக் காயப்போட்டிருந்தார். அதில் ஒரு பத்தி அந்த நாளில் பலர் வாயில் புகுந்து புறப்பட்டது: 'இரண்டாவது பாட்டில் அம்மா இறந்துவிடுகிறார். ஐந்தாவது பாட்டில் அதே அம்மா போன் செய்து சாப்பிட்டியா என்கிறார். கடைசிப் பாட்டில் மகன் வந்துட்டே இருக்கேன் என்று கிளம்புகிறார். எங்கே போனார் என்று அவருக்கும் தெரியாது, நமக்கும் தெரியாது.'

அதற்குப் பிறகு தந்தி ஆல்பம் எதுவும் செய்யவில்லை.

(முதலில் 'அந்தக் கட்டுரை தந்தியை முடித்துவிட்டது' என்று எழுதினேன். அடித்துவிட்டேன். மதிப்புரைகளுக்கு அவ்வளவு பலம் கிடையாது. ஆனால் விமர்சகர் அப்படித்தான் நம்புகிறார். அடித்த வாக்கியத்தை அவர் மனசுக்குள் மட்டும் விட்டுவைக்கிறேன்.)

12

மனைவி தன் போனில் ஆல்பத்தைப் போட்டு, மேசை ஓரத்தில் சாய்த்து வைத்தார். முதல் பாட்டு முடிந்தது. இரண்டாவது தொடங்கியது. ஓர் அம்மாவின் குரல்: 'சாப்பிட்டியா?'

"மாத்திப் போட்டுட்ட," என்றார் விமர்சகர்.

"எத?"

"இது அஞ்சாவது பாட்டு. கலைச்சுப் போடுற பட்டன அமுக்கிட்ட போல."

"நான் எதையும் அமுக்கல. கைல இஸ்திரிப் பெட்டி இருக்கு. உங்களுக்குப் பயந்து அதுவே மாறிக்கிச்சு போல."

விமர்சகர் போனை எடுத்துப் பட்டியலைப் பார்த்தார். பிறகு பழைய கணினியைக் கிளப்பி, அன்றைக்குப் பத்திரிகைக்கு வந்த கோப்புகளைத் தேடி எடுத்தார். பாட்டுகளுக்கு வெறும் எண்கள்தான் பெயர். திரையில் அவை ஒன்றன்கீழ் ஒன்றாக நின்றன: 1, 10, 11, 12, 2, 3, 4...

கணினிக்கு எண்ணத் தெரியாமல் இல்லை. ஆனால் அந்தப் பழைய கணினி பெயர்களை அகராதிபோல் அடுக்குகிற ஜாதி. ஒன்றில் தொடங்குகிற எல்லாம் முதலில், இரண்டு அப்புறம். அது பாடிக் காட்டிய வரிசையில் விமர்சகர் கேட்டார், கேட்ட வரிசையில் திட்டினார்.

"அப்ப பன்னெண்டு வருஷமா..." என்றார் மனைவி.

"ம்."

"அவங்கம்மாவ நீங்க ரெண்டாவது பாட்டுலயே..."

"ம்."

மனைவி இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தார். "ஏங்க, நீங்க எழுதினத அவர் படிச்சிருப்பார்ல. படிச்சதுமே புரிஞ்சிருக்குமே, இந்தாளு மாத்திக் கேட்டிருக்கான்னு. ஏன் ஒரு வார்த்தை சொல்லல?"

2

(விமர்சகருக்கு மனைவி உண்டா என்று எனக்குத் தெரியாது. பல் மருத்துவரிடம் அவர் தனியாகத்தான் வந்திருந்தார். அந்தக் கேள்வியைக் கேட்க ஒருவர் வேண்டியிருந்தது; விமர்சகரால் தனக்குத்தானே கேட்டுக்கொள்ள முடிகிற கேள்வி இல்லை அது. சட்டை கருகாமல் பார்த்துக்கொண்டதற்கும் அந்த அம்மாவுக்கு நன்றி.)

3

இந்த முறை சரியான வரிசையில் கேட்டார் விமர்சகர். மூன்று நாள், கதவைச் சாத்திக்கொண்டு.

சரியாக அடுக்கியதும் அது மகத்தான படைப்பாகிவிட்டது என்று எழுத எனக்கும் ஆசைதான். ஆகவில்லை. நாலாவது பாட்டில் தந்தி மற்ற ராப்பர்களோடு வம்புக்குப் போகிறார். விளையாட்டுச் சாமானைப் பிடுங்கிக்கொண்ட குழந்தைகூட அதைவிட நன்றாகச் சண்டை போடும். ஆறாவதில் நாக்கு குழறுகிறது. தாளத்தைத் தவறவிட்டு, ஓடிப்போய்ப் பஸ்ஸைப் பிடிக்கிறவர்போல் பிடிக்கிறார். ஏழாவது, பிரிந்த மனைவியைப் பற்றி. எந்த வரிசையில் வைத்தாலும் அது அசிங்கம். வீட்டுக்குள் பேசியதை எடுத்துத் தெருவில் கொட்டியிருக்கிறார். எட்டாவதில் குரலைக் கருவியில் விட்டு வழவழப்பாக்கியிருக்கிறார்கள். தகரக் குவளையில் மாட்டிய கொசு.

ஆனால் ஒன்பதும் பத்தும்.

ஒன்பது முழுக்க அம்மாவும் மகனும் போனில் பேசுகிறார்கள். அம்மா குரல் நிஜம். தந்தி பழைய அழைப்புகளைப் பதிவு செய்து வைத்திருந்தார். அம்மா திட்டுகிறார், மகன் ஒவ்வொரு திட்டுக்கும் எதுகை போட்டுப் பதில் சொல்கிறார். அம்மாவுக்கே சிரிப்பு வந்துவிடுகிறது. கடைசியில் 'வந்துட்டே இருக்கேன்மா' என்கிறார். 'சரி, வா' என்கிறார் அம்மா. முடிந்தது.

பத்தில் தாளம் இல்லை, இசை இல்லை. வெறும் குரல். நேரங்களைச் சொல்கிறது:

பத்து பத்துக்கு ஒண்ணு,
பத்து பதினாறுக்கு ஒண்ணு,
பத்தரைக்கு ஒண்ணு,
கவுத்து வச்ச போனு, கல்லு...

பன்னிரண்டு அழைப்புகள். எடுக்காதவை. பன்னிரண்டாவதுக்குப் பிறகு அம்மா இல்லை.

ஒன்றுக்கு அடுத்து இதைக் கேட்டபோது விமர்சகர் 'ரயில் கால அட்டவணை' என்று எழுதியிருந்தார். ஒன்பதுக்கு அடுத்துக் கேட்டபோது எழுந்து போய் ஜன்னலைத் திறந்தார். திறந்துவிட்டு என்ன செய்வதென்று தெரியாமல் மூடினார்.

அன்றே கட்டுரையை எழுதி முடித்தார். தலைப்பு: 'ஒரு திருத்தம்'. அனுப்பவில்லை. மனைவி கேட்ட கேள்விக்கு அதில் பதில் இல்லாமல் இருந்தது. சம்பந்தப்பட்டவர்களைப் பார்க்காமல் இதை அச்சுக்குக் கொடுப்பது, இன்னொரு முறை பட்டியலைப் பார்க்காமல் பாட்டுக் கேட்பது மாதிரி என்று தோன்றியது.

4

தந்தியின் அக்கா கண்ணாடிக்கடை வைத்திருந்தார். விமர்சகர் கண் பரிசோதனைக்கு வந்தவர்போல் போய் உட்கார்ந்தார்.

அக்கா அவர் மூக்கில் கனமான சோதனைச் சட்டத்தை மாட்டி, இடது கண்ணைக் கறுப்புத் தட்டால் அடைத்தார். "மேலேர்ந்து படிங்க... சரி. இப்ப நல்லாத் தெரியுதா, இப்பவா?"

"முதல்ல போட்டதுதான்."

"பேரு சொல்லுங்க, எழுதிக்கிறேன்."

சொன்னார். அக்காவின் பேனா நின்றது.

"தலையும் இல்லை, வாலும் இல்லை," என்றார் அக்கா.

"நான்தான்மா அது."

"கண்ணு இந்த லட்சணத்துல இருக்கே, காது எப்படி இருக்கும்னு அப்பவே யோசிச்சிருக்கணும்."

ஒற்றைக் கண்ணோடு, சட்டம் மூக்கை அழுத்த, விமர்சகர் எல்லாவற்றையும் சொன்னார். அந்தக் கோலத்தில் பாவமன்னிப்புக் கேட்ட வேறு விமர்சகர் இருக்க வாய்ப்பில்லை. முடிந்ததும் அக்கா லென்ஸ் பெட்டியை மெதுவாக மூடினார்.

"பத்திரிகைக்கெல்லாம் அனுப்பினது நான். அவன் எழுந்து நிக்கிற நிலைமையிலயே இல்ல. ஒண்ணு, ரெண்டுன்னு நான்தான் பேரு வச்சேன்." பேனாவை மூடி வைத்தார். "ஒண்ணுலேர்ந்து ஒன்பது வரைக்கும் முன்னால ஒரு சைபர் போட்டிருக்கணுமோ?"

"போட்டிருந்தா சரியா வந்திருக்கும். ஆனா பட்டியலப் பாக்க வேண்டியது நான்தான், நீங்க—"

"ஆறுதல் சொல்ல வராதீங்க. எனக்கு அது பிடிக்காது."

கடைக்குள் சுவர்க் கண்ணாடிகளில் எல்லாம் அவர்கள் இருவரும் இருந்தார்கள்.

"அந்தப் பன்னெண்டு காலும் பண்ணது நான்," என்றார் அக்கா. "அம்மா போன்லேர்ந்து. அம்மா கைய ஒரு கைல பிடிச்சுக்கிட்டு. வரேன்னு சொன்னவன் வரல. ஆனா ஒண்ணு சார், அத அவன் மறைக்கல. ஒன்பதுல வரேன்னான், பத்துல வரலன்னான். பக்கத்துல பக்கத்துல வச்சான். அந்த ஆல்பத்துல எனக்குப் புடிச்சது அது ஒண்ணுதான். அதத்தான் நீங்க பிரிச்சுட்டீங்க."

"நாம ரெண்டு பேரும் பிரிச்சுட்டோம்," என்று திருத்திக்கொண்டார். பிறகு: "போடுங்க. பெருசாப் போடுங்க. என் சைபரையும் சேர்த்துப் போடுங்க. அவன்கிட்ட மட்டும் ஒரு வார்த்தை கேட்டுக்குங்க."

5

அக்காவைப் பற்றி எனக்கு ஒரு சந்தேகம் இருந்தது: இவ்வளவு நேராக ஒருவர் இருப்பாரா? முதல் பிரதியில் அவரை அழவைத்தேன். அழவைத்ததும் அவர் வேறு யாரோ ஆகிவிட்டார். அழுகையை எடுத்தேன். அவர் திரும்பி வந்து கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்து, 'இப்பச் சரி' என்பதுபோல் பார்த்தார்.

6

தந்தி இப்போது கார் ஓட்டக் கற்றுத்தருகிறார். விமர்சகருக்கு ஐம்பத்து மூன்று வயது. சைக்கிளுக்கு மேல் எதையும் ஓட்டியதில்லை. வேறு வழி தெரியாமல் ஒரு மணி நேரப் பாடத்துக்குப் பெயர் கொடுத்தார்.

காலியான மைதானம். சுண்ணாம்புக் கோடுகள். பயிற்சி வண்டி, கற்றுத்தருகிறவர் பக்கத்திலும் தனியாக ஒரு கிளட்ச், ஒரு பிரேக்.

"இடது கால் கிளட்ச். மெதுவா விடுங்க."

வண்டி விக்கி விக்கி நகர்ந்தது.

"என்னைத் தெரியுதா?" என்றார் விமர்சகர்.

"கண்ணாடி பாருங்க சார்."

"நான் உங்க ஆல்பத்தப் பத்தி—"

"தெரியும். பேரு எழுதிக் குடுத்தீங்களே. இண்டிகேட்டர்."

விமர்சகர் தண்ணீர்த் துடைப்பானைப் போட்டார். வெயிலில் அது கிறீச்சிட்டுக்கொண்டு ஆடியது. தந்தி கையை நீட்டி அணைத்தார்.

"நான் அதத் தப்பான வரிசையில கேட்டுட்டேங்க."

வண்டி குலுங்கி நின்றது. பிரேக்கை மிதித்தது தந்தி.

"தெரியும்."

"எப்பலேர்ந்து?"

"நீங்க எழுதின அன்னிக்கே. நியூட்ரல் போடுங்க."

7

இங்கே நான் இரண்டு நாள் எழுதவில்லை. தந்தி ஏன் சும்மா இருந்தார் என்று எனக்கும் தெரியாமல் இருந்தது. 'பெருந்தன்மையால்' என்று எழுதி... இல்லை. 'அவமானத்தால் அவர்...' இல்லை, இல்லை. கடைசியில் அவரையே பேசவிட்டேன். மைக் இல்லாமல் அவர் வாழ்க்கையில் பேசிய மிக நீளமான பேச்சு இதுதான்.

ஸ்டீரியோவில் செருகியிருந்த பென் டிரைவை முதலில் தொட்டுக் காட்டினார். "அக்கா போட்டுக் குடுத்த அதே ஃபைலு. இந்த டப்பாவும் உங்க மாதிரிதான் சார். ஒண்ணு முடிஞ்சா பத்து."

பிறகு முன்கண்ணாடி வழியாகச் சுண்ணாம்புக் கோட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னார்:

"அன்னிக்கு வந்துட்டே இருக்கேன்னு அம்மாகிட்ட சொன்னேன்ல. நிஜமாவே கிளம்பினேன். வழியில ஒரு இடத்துல உக்காந்தேன். ஒரே ஒரு கிளாஸ்னு. போன் சத்தத்த அணைச்சு மேசையில கவுத்து வச்சேன். அவ்ளோதான். உங்க கட்டுரையப் படிச்சதும் கோவம்தான் வந்துச்சு. இந்தாளு எப்படித்தான் கேட்டான், நாறடிக்கலாம்னு அதே வரிசையில போட்டுப் பாத்தேன். அம்மா முதல்லயே போயிடுறாங்க. அப்புறம் வந்துடுறாங்க. சாப்பிட்டியாங்குறாங்க. திட்டுறாங்க. கடைசியா நான் வந்துட்டே இருக்கேங்குறேன். சரி, வான்னு சொல்றாங்க. அதோட முடிஞ்சுது."

மைதானத்தின் மறுகோடியில் இன்னொரு பயிற்சி வண்டி பின்னால் போய்ப் போய் முன்னால் வந்தது.

"நான் இன்னும் போய்க்கிட்டே இருக்கேன் சார். பன்னெண்டு வருஷமா. வழியில எங்கயும் உக்காரல. ஒரு கிளாஸ்கூட இல்ல."

விமர்சகர் ஸ்டீரியோவைப் பார்த்தார். "ஒன்பதுக்கு அடுத்துப் பத்து நீங்க கேட்டதே இல்லையா?" என்றார்.

"ரெக்கார்டிங் முடிஞ்ச அன்னிக்குக் கேட்டேன். நிதானத்துல கேட்டதில்ல."

"அக்கா திருத்தம் போடச் சொன்னாங்க."

தந்தி தலையை ஆட்டினார், ஆமாம், அவள் சொல்வாள் என்பதுபோல. "போட்டா நாலு பேரு கேப்பான். கேட்டவன் தேடி வந்து கையப் பிடிப்பான், ஒன்பதும் பத்தும் அடுத்தடுத்துக் கேட்டு அழுதுட்டேன்பான். நான் என்ன சொல்ல? நானே கேக்கலைன்னா?" கியர் தண்டைச் சும்மா ஆட்டிப் பார்த்தார். "வெள்ளிக்கிழமை மத்தியானம் வாங்க. ஒருதரம் கேட்டுப் பாக்குறேன். கேட்டு முடிக்க முடிஞ்சா போடுங்க. முடியலன்னா போடாதீங்க. ஆனா தனியா முடியாது. அக்காவையும் கூட்டிட்டு வாங்க."

பிறகு அவருடைய சொந்த நீளத்துக்குத் திரும்பிவிட்டார்: "கிளட்ச்."

8

முடிவுகள் கைவசம் இரண்டு இருக்கின்றன.

முதலாவது: கேட்கிறார், கேட்டு முடிக்கிறார். திருத்தம் வெளியாகிறது. ஆல்பத்தை ஊரே கொண்டாடுகிறது. எழுதிப் பார்த்தேன், எனக்கே கண் கலங்கியது. ஆனால் ஏழாவது பாட்டு அப்படியேதான் இருக்கிறது. அந்த முன்னாள் மனைவியும் இதே ஊரில் எங்கோ இருப்பார். கொண்டாட்டச் சத்தம் அவர் வீட்டு ஜன்னல் வழியாகவும் போகும். யோசித்ததும் பேனாவை வைத்துவிட்டேன்.

இரண்டாவது: தந்தியால் முடியவில்லை. விமர்சகர் பத்திரிகைக்கு வேறொரு ஆல்பத்தைப் பற்றி எழுதிக் கொடுக்கிறார். தந்தி அம்மாவிடம் போய்க்கொண்டே இருக்கிறார். இது எனக்குப் பிடித்த முடிவு. யாரும் தொந்தரவு பண்ணாத அறைகள் எனக்குப் பிடிக்கும். ஆனால் இதில் அக்கா கட்டிலுக்குப் பக்கத்தில் போனை வைத்துக்கொண்டு அப்படியே நிற்கிறார். அவருடைய அழைப்புகளை இன்னொரு தரம் எடுக்காமல் விட்டதாகிவிடும்.

மூன்றாவதாக ஒன்று, தந்தியும் முன்னாள் மனைவியும் மறுபடி... வேண்டாம். அது என் வேலை இல்லை.

9

வெள்ளிக்கிழமை மத்தியானம். மைதானத்தில் ஓரமாக வண்டி நிற்கிறது. ஓட்டுநர் இருக்கையில் விமர்சகர், பக்கத்தில் தந்தி. அக்கா கடையைப் பூட்டிவிட்டு வந்து பின்கதவைத் திறந்தார்.

"எங்கடா உக்கார்றது? சீட்டு பூரா புஸ்தகம்."

"ரோடு ரூல்ஸ்."

"உன் ரூல்ஸெல்லாம் உலகத்துக்கே தெரியும். தள்ளு."

அக்கா புத்தகங்களை வாரி மடியில் வைத்துக்கொண்டு ஏறினார்.

"சார், ஸ்டீயரிங்க விடுங்க," என்றார் தந்தி. "வண்டி நிக்குது."

விமர்சகர் கையை எடுத்தார். எங்கே வைப்பதென்று தெரியாமல் மறுபடி ஸ்டீயரிங்கிலேயே வைத்தார். பத்திரிகையிலிருந்து போன் வந்தது. எடுத்து, "அஞ்சு மணிக்குள்ள சொல்றேன்," என்று வைத்துவிட்டார்.

தந்தி ஒன்பதாவது பாட்டைப் போட்டார். அம்மாவின் குரல் சின்ன வண்டியை நிறைத்தது. சட்டையைக் கொடியிலேயே விட்டுவிட்டுப் போனதற்குத் திட்டு. கல்யாணத்தைக் காப்பாற்றிக்கொள்ளத் தெரியாததற்குத் திட்டு. பின்னால் அக்கா சிரித்தார். சிரிப்பு பாதியில் வேறு ஏதோ ஆகி, இருமலாக வெளியே வந்தது.

ஒன்பது முடிந்ததும் இந்த ஸ்டீரியோ தானாக ஒன்றுக்குப் போய்விடும். பத்து வேண்டுமென்றால் ஒருவர் எண்ணை அமுக்கவேண்டும். தந்தியின் விரல் பட்டனுக்கு மேலே வந்து நின்றது.

"நீ அமுக்குக்கா."

"நான் பன்னெண்டு தரம் கூப்பிட்டாச்சுடா. இனிமே நான் கூப்பிட மாட்டேன்."

விரல் அங்கேயே நிற்கிறது.

இதற்கு மேல் ஒரு வரி எழுதினாலும் அமுக்கியது நானாகிவிடும், அல்லது அமுக்கவிடாமல் தடுத்தது நானாகிவிடும். இரண்டுக்கும் எனக்கு உரிமை இல்லை. நான் ஒரு வாக்கியத்தைத் திருடி வந்தவன், அவ்வளவுதான். இறங்கி நின்றுகொள்கிறேன்.

பின்சீட்டில் அக்காவுக்குப் பக்கத்தில் ஓர் ஆள் உட்கார இடம் இருக்கிறது. நீங்கள் ஏறிக்கொள்ளுங்கள். அவரிடம் ஒன்றும் சொல்லவேண்டாம், பக்கத்தில் இருந்தால் போதும். கதவை மட்டும் மெதுவாகச் சாத்துங்கள்; பாட்டு முடிய இன்னும் கொஞ்சம் இருக்கிறது, அம்மா பேசிக்கொண்டிருக்கிறார்.